கயிறு யார் கையில்?

கே: அலுவலகத்தில் புதிதாக பில்லிங் சாஃப்ட்வேர் போட்டோம். திறந்தால் ‘எம்எஸ்விசிபி140.டிஎல்எல் காணவில்லை’ என்கிறது. காணாமல் போக அது என்ன, கன்டெய்னரா? (கிளியரிங் ஏஜென்சி ஊழியர், பீச் ரோடு)

ப: கன்டெய்னர் இல்லை, கிரேன். வ.உ.சி. துறைமுகத்துக்கு வரும் கப்பல்களைப் பார்த்திருப்பீர்கள். சில, சொந்தக் கிரேனைத் தளத்திலேயே சுமந்து வரும். மற்றவை, கரையில் கிரேன் இருக்கிறது என்ற நம்பிக்கையில் வரும். அந்தக் கரைக் கிரேன்தான் டிஎல்எல். பல புரோகிராம்களுக்குப் பொதுவான வேலையை ஒரே கோப்பில் எழுதி வைத்துவிட்டால் ஒவ்வொன்றும் தனித்தனியாகச் சுமக்க வேண்டியதில்லை. இடம் மிச்சம், பிழை இருந்தாலும் ஓரிடத்தில் திருத்தினால் போதும். ஆனால் கரையில் கிரேன் இல்லையென்றால் சரக்கு இறங்காது.

உங்கள் சாஃப்ட்வேர் விஷுவல் சி++ கொண்டு எழுதப்பட்டது. அதற்கான ‘விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்’ தொகுப்பை மைக்ரோசாஃப்ட் இலவசமாகவே தருகிறது. அதில் எக்ஸ்86, எக்ஸ்64 என்ற வகைகள் உண்டு. இரண்டையும் போடுங்கள். கம்ப்யூட்டர் 64 பிட் ஆனாலும் சாஃப்ட்வேர் 32 பிட்டாக இருக்கலாம். அப்போது அது தேடுவது எக்ஸ்86-ஐத்தான். நாளை ‘விசிரன்டைம்140’ காணவில்லை என்று வந்தாலும் மருந்து இதுவே.

கே: மகன் ஒரு கேம் போட்டான். ‘டி3டிஎக்ஸ்9_43.டிஎல்எல்’ இல்லையாம். அந்த ஒரு கோப்பை மட்டும் இலவசமாகத் தரும் இணையதளங்கள் நிறைய இருக்கின்றனவே, இறக்கிக்கொள்ளலாமா? (குடும்பத்தலைவி, முத்தையாபுரம்)

ப: வேண்டாம் அம்மா. முத்துக்குளிக்க இறங்குகிறவர் கயிற்றை மைத்துனன் கையில்தான் கொடுப்பார் என்பது நம் கரையில் வழிவழியாகச் சொல்வது. அக்காள் தாலிக்காகவாவது அவன் கயிற்றை விட மாட்டான். டிஎல்எல் என்பது உங்கள் கம்ப்யூட்டருக்குள் இறங்கி ஓடும் புரோகிராம். அதை யாரென்றே தெரியாதவர் கையிலிருந்து வாங்கினால், கூடவே வைரஸ் வந்தாலும் தெரியாது. அந்தக் கோப்புக்குச் சொந்தக்காரர் மைக்ரோசாஃப்ட். ‘டைரக்ட்எக்ஸ் எண்ட் யூசர் ரன்டைம், ஜூன் 2010’ என்று அவர்கள் தளத்தில் தேடுங்கள். பழைய தொகுப்புதான், ஆனால் பழைய கேம்கள் விண்டோஸ் 11-லும் அதைத்தான் கேட்கின்றன.

ஒன்று கேட்கிறேன்: கேம் காசு கொடுத்து வாங்கியதா? கிராக் செய்த கேம் என்றால், டிஎல்எல்-ஐ ஆன்டிவைரஸே பிடித்து அடைத்து வைத்திருக்கலாம். அதைத் திறந்துவிடாதீர்கள்.

கே: நண்பன் கம்ப்யூட்டரிலிருந்து டிஎல்எல்-ஐ பென்டிரைவில் கொண்டுவந்து சிஸ்டம்32-வில் போட்டேன். இப்போது ‘0எக்ஸ்சி000007பி’ என்று புதுப் பிழை! (கல்லூரி மாணவர், மில்லர்புரம்)

ப: 32 பிட், 64 பிட் கலந்துவிட்டால் பெரும்பாலும் இந்த எண்தான் வரும். குழப்பத்துக்குக் காரணம் பெயர் தம்பி. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்ற ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் இருப்பதோ சிஸ்வாவ்64-இல்! பழைய புரோகிராம்கள் தடுமாறக் கூடாதென்று சிஸ்டம்32 என்ற பெயரை மாற்றாமல் விட்டதன் விளைவு. நீ போட்டதை எடுத்துவிட்டு, அந்த சாஃப்ட்வேரை நீக்கி மறுபடி இன்ஸ்டால் செய். காணவில்லை என்ற அறிவிப்பின் கடைசி வரியே அதைத்தான் சொல்கிறது. முதல் வரியோடு எல்லாரும் மூடிவிடுகிறோம்.

கே: விண்டோஸின் சொந்தக் கோப்பே கெட்டுப்போனால்? (உப்பு வியாபாரி, தருவைகுளம்)

ப: கமாண்ட் பிராம்ப்ட்டை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து ‘எஸ்எஃப்சி /ஸ்கேன்நவ்’ கொடுங்கள். கெட்டதைக் கண்டுபிடித்து மாற்றிவிடும். பில்லிங் சாஃப்ட்வேர் போன்றவை தங்களோடு கொண்டுவந்த கோப்புக்கு இது உதவாது.

கே: அரசு கொடுத்த லேப்டாப்பில் பாஸ் லினக்ஸும் இருக்கிறது. அதில் இந்தத் தொல்லை இல்லைதானே? (ஆசிரியை, ஸ்பிக் நகர்)

ப: இருக்கிறது, பெயர்தான் வேறு. சென்னை சி-டாக் உருவாக்கிய பாஸிலும் பொதுக் கோப்புகள் உண்டு, ‘.எஸ்ஓ’ என்று முடியும். அங்கே சாஃப்ட்வேரைத் தொகுப்பு மேலாளர் வழியாகப் போட்டால் வேண்டிய கோப்புகளையும் அதுவே கூட்டிவரும். வெளியிலிருந்து எடுத்துப் போட்டது ஓடவில்லையா? டெர்மினலில் ‘எல்டிடி’ என்று அடித்து, பக்கத்தில் புரோகிராம் கோப்பு இருக்கும் முழுப் பாதையைக் கொடுங்கள். எந்த வரியில் ‘நாட் ஃபவுண்ட்’ என்று வருகிறதோ, அந்தக் கோப்பு எந்தத் தொகுப்பில் இருக்கிறது என்று பார்த்து, அதைப் போடுங்கள் டீச்சர்.