காஷ்விகா, முன்னால் ஒரு ஏ, பின்னால் ஒரு ஏ

எங்கள் அப்பத்தாவுக்கு வரிசையாகத் தங்கைகள். கடைசித் தங்கைக்குப் பெயர் போதும்பொண்ணு. அந்தப் பெயருக்கு அர்த்தம் தேடி யாரும் எங்கும் அலைய வேண்டியதில்லை. கொள்ளுத்தாத்தாவின் சலிப்பு, நகைக் கவலை, குலசாமிக்கு அவர் போட்ட மனு எல்லாம் அந்த ஆறு எழுத்துக்குள் அடக்கம். திருத்தணிப் பக்கம் இன்னும் ஒரு படி மேலே போய் ‘வேண்டாம்’ என்றே பெண் குழந்தைகளுக்குப் பெயர் வைத்தார்கள். கொடுமைதான். ஆனால் குழப்பமே இல்லாத கொடுமை.

இப்போது பெண் பிறந்தால் மகாலட்சுமி வந்துவிட்டாள் என்று கொண்டாடுகிறோம். அந்த மகாலட்சுமியை எப்படிக் கூப்பிடுவது என்பதுதான் தெரியவில்லை.

என் தம்பி மகள் பிறந்தது திருவாதிரை மூன்றாம் பாதத்தில். 27 நட்சத்திரங்களில் நாம் ‘திரு’ போட்டு மரியாதை கொடுப்பது திருவாதிரைக்கும் திருவோணத்துக்கும் மட்டும்தான். அப்பேர்ப்பட்ட திருவாதிரைக்குப் பஞ்சாங்கம் ஒதுக்கியிருக்கும் எழுத்துகள் கு, க, ங, ச. மூன்றாம் பாதத்துக்கு ‘ங’. ‘ங’வில் யார் பெயர் வைக்க முடியும்? ஆத்திசூடி பாடிய ஔவையாரே அந்த எழுத்து வந்ததும் வேறு சொல் அகப்படாமல், எழுத்தின் வளைவையே பாடமாக்கிச் சமாளித்தார். எங்கள் ஜோசியர் பெருந்தன்மையானவர். “ரெண்டாம் பாதத்து ‘க’வை எடுத்துக்குங்க, தோஷமில்லை” என்று இறங்கிவந்தார்.

‘க’ என்றால் கற்பகம், கயல்விழி, கலைச்செல்வி, கண்ணம்மா என்று நான் அடுக்கினேன். தம்பி கையைக் காட்டி நிறுத்தினான். “அக்கா, கிளாஸ்ல வேற யாருக்கும் அந்தப் பேரு இருக்கக் கூடாது.” குழந்தைக்குத் தொப்புள்கொடி அப்போதுதான் விழுந்திருந்தது. அதற்குள் கிளாஸ்.

கொஞ்ச நாள் கனிஷ்கா என்ற பெயர் வீட்டுக்குள் சுற்றிக்கொண்டிருந்தது. தமிழ்நாட்டில் இன்று அந்தப் பெயரில் ஏகப்பட்ட பெண் குழந்தைகள் இருக்கிறார்கள். பள்ளிக்கூடத்து வரலாற்றுப் புத்தகத்தை அந்த அப்பாக்கள் எங்கே தொலைத்தார்களோ! கனிஷ்கர் குஷாணப் பேரரசர். காசுகளில் தாடியோடு நிற்பவர். மதுரா அருங்காட்சியகத்தில் அவர் சிலை இருக்கிறது. தலை போய்விட்டது, முழங்கால் வரை தொங்கும் அங்கியும் கனத்த பூட்சும் பெரிய வாளும் பத்திரமாக இருக்கின்றன. அந்த ஆளுக்குத்தான் நாம் பட்டுப்பாவாடை கட்டிவிட்டுக் கன்னத்தில் திருஷ்டிப் பொட்டு வைக்கிறோம். இதைச் சொன்னதும் தம்பி மனைவிக்கு முகம் சுண்டிப்போயிற்று. கனிஷ்கர் வெளியேறினார், ‘ஷ்’ மட்டும் வீட்டிலேயே தங்கிவிட்டது.

அதிலிருந்து உருவானதுதான் கஷ்விகா. ‘க’ நட்சத்திரம் கொடுத்தது. ‘ஷ்’ காலம் கொடுத்தது. ‘வி’ தம்பி மனைவி பெயரின் நடுவில் இருந்து உருவியது. ‘கா’ இல்லாமல் இன்றைக்குப் பெண் குழந்தையே கிடையாது. தம்பி பெயரிலிருந்து ஓர் எழுத்தும் சேரவில்லை. அவன் ஆஸ்பத்திரி பில்லில் சேர்ந்துகொண்டான்.

அர்த்தம்? போனில் தேடினார்கள். ஓரிடத்தில் ஒளிர்பவள், இன்னோரிடத்தில் பூமாதேவி, மற்றோரிடத்தில் துர்கை. எழுத்துகளைச் சோழியைப் போலக் குலுக்கிப் போட்டாலும் இந்த மூன்றில் ஒன்று விழும், தப்பினால் லட்சுமி. 1916இல் வேதாசலம் என்ற தம் பெயரைச் சொல் சொல்லாகத் தமிழாக்கி மறைமலையடிகள் ஆனவரின் காலத்தில், ஒரு பெயரைப் பிரித்தால் உள்ளே சரக்கு இருந்தது. வேதத்துக்கு மறை, அசலத்துக்கு மலை. கஷ்விகாவைப் பிரித்தால் ஒரு பஞ்சாங்கமும் ஒரு மருமகளும் கிடைப்பார்கள்.

அடுத்து எண்கணிதம். கீரோ என்ற அயர்லாந்துக்காரர் உலகமெங்கும் பரப்பிய கணக்கு அது. ஆங்கில எழுத்து ஒவ்வொன்றுக்கும் ஒன்று முதல் எட்டு வரை மதிப்பு. ஒன்பது எந்த எழுத்துக்கும் கிடையாது. கஷ்விகாவைக் கூட்டினால் 21 வந்தது. நல்ல எண்தான், ஆனாலும் குழந்தை பிறந்த தேதிக்கு 23தான் யோகம் என்றார் பார்த்தவர். ஏ-க்கு மதிப்பு ஒன்று. முன்னால் ஒரு ஏ, பின்னால் ஒரு ஏ செருகினார். 23. இரண்டு ஏ-க்கு அவர் வாங்கிய தட்சணையில் எங்கள் காலத்தில் முழு அரிச்சுவடியும் கற்றுக்கொடுத்திருப்பார்கள். இப்படித்தான் கஷ்விகா காஷ்விகா ஆனாள். பின்னால் செருகிய ஏ எப்படி ஒலிக்கும் என்று கேட்டேன். “அது சைலண்ட், அண்ணி” என்றாள் தம்பி மனைவி.

தொட்டிலிட்டுக் காதில் மூன்று முறை பெயர் சொல்வது அத்தையின் உரிமை. முதல் தடவை நாக்கு ‘ஷ்’ஷில் வழுக்கியது. இரண்டாம் தடவை குழந்தை தும்மியது. மூன்றாம் தடவை சுத்தமாக, சபைக்கே கேட்கும்படி “காஷ்விகா” என்றேன். பக்கத்தில் உட்கார்ந்திருந்த அப்பத்தாவுக்குக் காது மந்தம். “காசு வைக்கவா? இந்தா வைக்கிறேன்” என்று சுருக்குப் பையை அவிழ்த்து, நாலாக மடித்த நூறு ரூபாயைத் தொட்டிலில் வைத்தது. அதைப் பார்த்து ஒவ்வொருவராக எழுந்து வைக்க ஆரம்பித்தார்கள். பிறந்த அன்றே வருமானம் கொண்டுவந்த பெயர் எங்கள் வம்சத்தில் வேறு கிடையாது. அப்பத்தாவுக்கு அவள் இன்றுவரை ‘காசு’தான்.

பிறப்பைப் பதிந்தபின் ஒரு வருடத்துக்குள் பெயரைச் சேர்த்தால் கட்டணம் இல்லை. தாமதக் கட்டணத்தோடு 15 வருடம் வரை அவகாசம் உண்டு. கொஞ்சம் பொறுத்தால் அவளே வைத்துக்கொள்வாளே என்று சொல்லிப் பார்த்தேன். தம்பி மறுநாளே போய்ப் பதிந்துவிட்டு வந்தான், வேறு யாராவது முந்திவிடுவார்களாம்.

முந்தத்தான் செய்திருந்தார்கள். போன மாதம் அவர்கள் அப்பார்ட்மெண்டின் மேல்மாடிக்குப் புதிதாக ஒரு குடும்பம் வந்தது. கையில் பெண் குழந்தை, பெயர் காஷ்விகா. நம்முடையது ‘வி’, அவர்களுடையது ‘டபிள்யூ’ என்று தம்பி மனைவி எனக்குப் போனில் ஆறுதல் சொன்னாள். கூட்டிப் பார்த்தேன். வி-க்கும் ஆறு, டபிள்யூ-வுக்கும் ஆறு. அதுவும் 23. இரண்டு அம்மாக்களும் இப்போது லிஃப்டில் பேசிக்கொள்வதில்லை. கீழே விளையாடும் பிள்ளைகளைச் சாப்பிடக் கூப்பிட்டால் இரண்டும் ஓடி வந்துவிடுகின்றன என்பதால், இரண்டு வீட்டிலும் பால்கனியில் நின்று “பாப்பா” என்கிறார்கள். அதற்கும் இரண்டும்தான் ஓடி வருகின்றன.