நகப் புணரியல்: ஒட்டுநகம் ஒட்டுமாறும் கழலுமாறும்

ஒரு சொல்லோடு இன்னொரு சொல் எப்படிச் சேரும் என்பதற்குத் தொல்காப்பியர் புணரியல் என்று தனி இயலே வகுத்தார். பவணந்தியார் அதைச் சுருக்கி, பள்ளிப் பிள்ளைகளின் தூக்கத்தைக் கெடுக்கும் பதத்துக்குக் கொண்டுவந்தார். ஆனால் நகத்தோடு நகம் எப்படிச் சேரும், சேர்ந்தது எப்படிப் பிரியும் என்று இருவருமே ஒரு வரி சொல்லவில்லை. உரையாசிரியர்களும் இந்த இடத்தில் வாயைத் திறக்கவில்லை. கல்யாண மண்டபத்தில் பந்திக்கு நாலு பேராவது இந்தச் சிக்கலோடு இலை முன் உட்கார்ந்திருக்கும் காலத்தில் தமிழாய்வுலகம் இனியும் வாளாவிருப்பது முறையன்று. ஆகவே இக்கட்டுரை.

ஆய்வின் எல்லை கைவிரல் நகங்கள் பத்து. கால்நகம் தனி அதிகாரம்; அதற்குச் செருப்புக்கடைகளிலும் களப்பணி செய்ய வேண்டியிருக்கும்.

முதலில் நிலைமொழி. அதாவது, பிறந்தபோதே உடன் வந்த நகம். இது கெரட்டின் என்னும் புரதத்தால் ஆனது. தலைமுடிக்கும் மாட்டுக் கொம்புக்கும் இதே சரக்குதான். கண்ணுக்குத் தெரியும் தகடு முழுக்க உயிரற்ற செல்கள். உயிர் இருப்பது தோலுக்கு அடியில் ஒளிந்திருக்கும் வேரில். அங்கிருந்து மாதத்துக்கு ஏறத்தாழ 3 மில்லிமீட்டர் வீதம் நகம் முன்னே தள்ளப்படுகிறது. நடுவிரலில் சற்று வேகம், கட்டைவிரலில் சுணக்கம். ஒரு நகம் அடிமுதல் நுனிவரை புதிதாக மாறிவர ஆறு மாதம் போல ஆகும். இந்த ஆறு மாதக் கணக்கை வாசகர் முந்தானையில் முடிந்துகொள்ள வேண்டும். பின்வரும் தீர்ப்புகள் எல்லாம் இதன்மேல்தான் நிற்கின்றன. தேய்த்துக் குறைத்த நகத்துக்கு எண்ணெய் தடவினால் பளபளப்பு வரும், தடிமன் வராது. வளர்ந்து வந்தால்தான் உண்டு.

இனி வருமொழி. பல் மருத்துவம்தான் ஆக்ரிலிக் நகத்தின் பிறந்த வீடு. 1954இல் அமெரிக்காவில் ஃபிரெடரிக் ஸ்லாக் என்ற பல் மருத்துவர் வேலைக்கு நடுவே நகத்தை உடைத்துக்கொண்டார். கைக்கெட்டிய பல் ஆக்ரிலிக்கையும் அலுமினியத் தாளையும் வைத்துத் தமக்கே ஒரு நகம் வார்த்துக்கொண்டார் என்பது இத்துறையின் தலபுராணம். ஆக, மணப்பெண்ணின் விரல்நுனியும், அவள் பாட்டி ராத்திரியில் டம்ளர் தண்ணீரில் போட்டுவைக்கும் பல்செட்டும் ஒரே வயிற்றுப் பிள்ளைகள். இந்த உறவுமுறையை வரவேற்பு மேடையில் எடுத்துச் சொல்ல வேண்டாம்.

செய்முறை எளிது. ஒரு திரவம், ஒரு பொடி. திரவம் பெரும்பாலும் எத்தில் மெத்தாக்ரிலேட். பொடியில் பென்சாயில் பெராக்சைடு கலந்திருக்கும். பிரஷ்ஷைத் திரவத்தில் நனைத்துப் பொடியில் தொட்டால் நுனியில் ஒரு முத்து திரளும். அதை நகத்தில் வைத்து இழுத்துப் பரப்பினால் சில நிமிடங்களில் கல்லாகிவிடும். விளக்கு வேண்டாம், வெயில் வேண்டாம். நெடி மட்டும் மாடிப்படி வரை வரும். முற்காலத்தில் இந்தத் திரவம் மெத்தில் மெத்தாக்ரிலேட்டாக இருந்தது. நகம் சிதைகிறது, தோல் வெந்துபோகிறது என்று புகார்கள் கிளம்பவே, 1970களின் தொடக்கத்தில் அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் கோர்ட்டுக்குப் போய், முழுக்க அந்தத் திரவத்தாலான நகச் சரக்குகளை அப்புறப்படுத்தியது. எலும்பைப் பொருத்தும் சிமெண்டில் அது இன்றும் உண்டு. அங்கே அதன் உறுதி வரம். நகத்தில் அதே உறுதி சாபம். ஆட்டோ கதவில் விரல் மாட்டினால் ஒட்டு நிற்கும், சொந்த நகம் கிளம்பி வரும். நகமும் சதையுமாக இருந்தவர்கள் பிரிவதற்கு இதைவிடக் கண்கூடான உதாரணம் கிடையாது.

நிலைமொழியும் வருமொழியும் சேர்கையில் நிகழும் விகாரம் மூன்று என்பது நன்னூல்: தோன்றல், திரிதல், கெடுதல். மூன்றும் இங்கே அச்சுப் பிசகாமல் பொருந்துகின்றன. முதல் நாள் ஒன்றரை அங்குலம் தோன்றும். ஆனால் அது தோன்றுவதற்கு முன்பே திரிதல் நடந்துவிடுகிறது. ஒட்டு பிடிக்க வேண்டும் என்பதற்காக நகத்தின் மேற்பரப்பை அரத்தாலோ சுழலும் டிரில்லாலோ சொரசொரப்பாக்குகிறார்கள். கை பழகாதவர் என்றால் பாதி தடிமன் அப்போதே தூளாகப் பறந்துவிடும். கடைசியில் கழற்றும் நாளன்று கெடுதல். பெரும்பாலோர் பழியை ரசாயனத்தின் மேல் போடுகிறார்கள். இவ்வாய்வின் துணிபு வேறு: நகத்தைக் கெடுப்பதில் பெரும்பங்கு தேய்ப்பதற்கும் பெயர்ப்பதற்கும் உரியது. ஆகையால் மென்மையான மாற்று எது என்ற கேள்விக்கு விடை, போட்டுக்கொள்ளும் நாளில் தெரியாது. கழற்றும் நாளில்தான் தெரியும்.

இதற்குச் சான்றாக, சென்னையில் ஒரு நெயில் ஸ்டுடியோவில் கேட்ட உரையாடலை அப்படியே தருகிறேன்.

“அக்கா, வீட்ல உக்காந்து பிச்சு கிச்சு எடுத்துராதீங்க. நகம் லேயர் லேயரா கூடவே வந்துரும். அசிட்டோன்ல கால் மணி நேரம் ஊறணும்.”

“கால் மணி நேரம் சும்மா உக்கார முடிஞ்சா நான் ஏம்மா நகத்தைப் பிக்கிறேன்?”

இந்த இரண்டு வரியில் இத்துறையின் நோய் நாடலும் நோய் முதல் நாடலும் அடங்கிவிட்டன.

இப்போது மாற்றுகள். ஜெல் என்பார் ஒரு சாரார். பொடி கிடையாது, நெடி குறைவு, புற ஊதா விளக்கில் விரலை நீட்டினால் இறுகிவிடும். ‘ஆக்ரிலிக் இல்லாதது’ என்று கண்ணாடியில் எழுதி ஒட்டியும் வைக்கிறார்கள். ரசாயன வம்சாவளியைப் புரட்டினால் ஜெல்லும் மெத்தாக்ரிலேட், அக்ரிலேட் குடும்பம்தான். ஆக்ரிலிக்குக்குப் பங்காளி முறை. ஒரு பங்காளியோடு ஒத்துக்கொள்ளாதவருக்கு மற்றவரோடும் ஒத்துக்கொள்ளாமல் போக நிறைய வாய்ப்புண்டு. இறுகாத ஜெல் தோலில் பட்டுக்கொண்டே இருந்தால் ஒவ்வாமை வரும். ஒருமுறை வந்தால் ஆயுள் பரியந்தம். பின்னால் பல்லுக்கு அடைப்பு வைக்கப் போகும்போதுகூட அது தலைகாட்டலாம். ஆன்லைனில் விளக்கும் புட்டியும் வாங்கி, நகக்கண்ணெல்லாம் வழியவிட்டுத் தானே போட்டுக்கொள்ளும் அன்பர்கள் இந்தப் பத்தியை இருமுறை வாசிக்கவும். ஜெல்லை இறுக்கும் டிபிஓ என்ற பொருளை ஐரோப்பிய ஒன்றியம் 2025 செப்டம்பர் 1 முதல் அழகுப்பொருள்களில் தடைசெய்துவிட்டது. புட்டியில் அந்தப் பெயர் இருக்கிறதா என்று பார்ப்பது நல்லது. விளக்குக்கு முன் சன்ஸ்கிரீன் தடவிக்கொள்வதையும் தோல் மருத்துவர்கள் சொல்கிறார்கள்.

ஆயினும் ஜெல்லுக்குள்ளேயே நல்ல பிள்ளை ஒன்றுண்டு. கடின ஜெல் அசிட்டோனுக்கு அசையாது, ராவித்தான் எடுக்க வேண்டும். ஊறினால் கரையும் மென்ஜெல் அப்படியல்ல. சொந்த நகத்தின் மேலேயே மெல்லிய கவசமாகப் பூசும் பில்டர் ஜெல்லில் கரையும் வகையாகக் கேட்டு வாங்கினால், நீளத்துக்கு ஆசைப்படாதவர்களுக்கு அது தோது. இரண்டு மூன்று வாரத்துக்கு ஒருமுறை முழுக்கக் கழற்றாமல் வளர்ந்த இடத்தை மட்டும் நிரப்பச் சொல்லலாம். கழற்றல் குறையக் குறையக் கெடுதலும் குறையும்.

டிப் பவுடரைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. அதன் பிசின் சயனோஅக்ரிலேட், அதாவது அறுந்த செருப்புக்கு வாங்கும் ஃபெவிக்விக்கின் ஜாதி. 1942இல் கோடாக் நிறுவனத்தில் ஹாரி கூவர் துப்பாக்கிக் குறிநோக்கிக்குத் தெளிவான பிளாஸ்டிக் தேடப்போய், தொட்டதிலெல்லாம் ஒட்டிக்கொள்ளும் இதைக் கண்டு, தொல்லை என்று ஒதுக்கிவைத்தார். ஊரார் விரலெல்லாம் முக்கிய அதே டப்பாவில் உங்கள் விரலையும் முக்கச் சொன்னால் நீங்களும் ஒதுக்கிவைக்கலாம்.

ப்ரெஸ்-ஆன் என்னும் ஒட்டுநகத்தை நிபுணர்கள் இளக்காரமாகப் பார்ப்பது இவ்வாய்வாளருக்கு உடன்பாடில்லை. பசை கொட்டி ஒட்டாமல், இருபுறமும் பிசுபிசுக்கும் ஜெல்லி ஸ்டிக்கரில் ஒட்டினால் அரம் வேண்டாம், டிரில் வேண்டாம், அசிட்டோனும் வேண்டாம். வெதுவெதுப்பான சோப்புத் தண்ணீரில் விரலை வைத்து ஓரத்திலிருந்து நெகிழ்த்தினால் வந்துவிடும். திரிதல் இல்லை, கெடுதல் இல்லை; தோன்றல் மட்டுமே. இலக்கணப்படி இதை இயல்புப் புணர்ச்சிக்கு மிக அருகில் வைக்கலாம். நிலையாமை ஒன்றே குறை. அது குறைதானா என்பதற்குக் களத்தரவு பின்னே வருகிறது.

எஞ்சியது மருதாணி. புதிதாக வந்த பொருள்களுக்கு நடுவே கிழவியை ஏன் இழுக்கிறாய் என்பார்க்கு: மருதாணி இலையில் உள்ள லாசோன் என்ற நிறமி கெரட்டினோடு வேதிமுறையில் பிணைந்துகொள்கிறது. மேலே படிவதில்லை, உள்ளே ஊறுகிறது. தோலில் பத்து பன்னிரண்டு நாளில் மங்குவது, நகத்தில் மாதக்கணக்கில் நிற்பது இதனால்தான். ஆடி மாதத்தில் புளியோ எலுமிச்சையோ சேர்த்து அரைத்து, விரலுக்கு விரல் தொப்பி வைத்து, துணி சுற்றித் தூங்கிய கைகளில், நகம் வளர வளர அடியில் வெளிறிய பிறை ஒன்று ஏறிவருவதைக் காணலாம். 3 மில்லிமீட்டர் கணக்கைச் சரிபார்க்க இதைவிட மலிவான ஆய்வுக்கூடம் இல்லை. கழற்றும் வேலையே கிடையாது, நகவெட்டி போதும். நீளம் தராது என்பது உண்மை. ‘கருப்பு மருதாணி’ என்று விற்கும் கோனில் மட்டும் முடிச்சாயத்தின் பிபிடி கலந்திருக்கலாம், அது கொப்பளம் கிளப்பும். மருதாணி இலை கருப்பாகப் பற்றாது என்பதை நினைவில் வைத்தால் போதும்.

இனிக் களம். செவிலியருக்குக் களப்பரிசோதனையே வேண்டாம். நோயாளியைத் தொட்டுப் பணிசெய்வோர் செயற்கை நகம் அணியக்கூடாது என்று உலக சுகாதார நிறுவனத்தின் 2009ஆம் ஆண்டுக் கைச்சுத்த வழிகாட்டியே முடித்துவிட்டது, இடுக்கில் கிருமி தங்கும் என்பதால். மற்றவர்க்குப் பந்தியே பரிசோதனைச் சாலை. மணப்பெண்ணின் சித்தி ஒருத்தி பவளநிற ஆக்ரிலிக்கோடு ரசம் சாதத்தின் முன் அமர்ந்திருந்தாள். விரல்நுனி இலையைத் தொடவில்லை; சோற்றை விரல்களின் பக்கவாட்டால் திரட்டினாள். அப்பளத்தை நொறுக்க முடிந்தது, நொறுங்கியதைப் பொறுக்க முடியவில்லை. ஜாங்கிரியை நேர்க்குத்தாகத் தூக்கினாள். அது மட்டும் சுலபமாக வந்தது. எதிர்வரிசையில் மருதாணித் தொப்பி வைத்த மாமியார் இலையை வழித்து மடித்துவிட்டு, இதையெல்லாம் ஒரு சொல் பேசாமல் பார்த்துக்கொண்டிருந்தார்.

அதே பந்தியில் மணப்பெண்ணின் தங்கை ப்ரெஸ்-ஆன் போட்டிருந்தாள். வெண்முத்து நிறம், நுனி வளைந்த வடிவம். கூட்டம் அதிகமென்று பரிமாறுகிறவர்களுக்கு உதவப் போய், பாயச வாளியைத் தூக்கி இரண்டு வரிசை முடித்துத் திரும்பியபோது மோதிரவிரல் மூளியாக இருந்தது. நகத்துக்குச் சேதம் ஏதுமில்லை என்பதைப் பரிசோதித்து உறுதிசெய்தேன். ஒட்டிய நகம் எங்கே என்ற கேள்விக்கு இரு கொள்கைகள் எழுந்தன. கைகழுவும் இடத்தில் விழுந்திருக்கும் என்றார் மாப்பிள்ளையின் பெரியப்பா. வாளிக்குள் கரண்டியை விட்டுத் துழாவிய சமையல்காரர், நெய்யில் வறுத்த பாதி முந்திரிக்கும் தொலைந்த நகத்துக்கும் வடிவத்தில் வேற்றுமை காண்பது அரிது என்றார். ஏற்கெனவே சாப்பிட்டவர்களிடம் யாரும் எதையும் கேட்கவில்லை. அடுத்த பந்திக்கு ஐஸ்கிரீம் போட்டார்கள்.