டிவியில வந்துட்ட பேராண்டிக்கு

வா கண்ணு, உட்காரு. கூலிங் கிளாஸைக் கழட்டிட்டே உட்காரலாம். திண்ணையில வெயில் இல்ல.

போன வாரம் டிஎன்பிஎல்லுல உன்னைப் பார்த்தோம். முத ஆட்டத்துல தண்ணி பாட்டிலைத் தூக்கிட்டு ஓடினியே, அப்பவே உங்க பாட்டி டிவிக்குச் சூடம் காட்டிட்டா. அடுத்த ஆட்டத்துல ரெண்டு ஓவரு, ஒரு விக்கெட்டு. விக்கெட் விழுந்ததும் கையை விரிச்சுக்கிட்டு ஓடினியே ஒரு ஓட்டம், அதைப் பந்து போடுறப்ப ஓடியிருந்தா இன்னொண்ணும் விழுந்திருக்கும்னு உங்கப்பன் சொன்னான். நான் அப்படியெல்லாம் சொல்ல மாட்டேன். பேட்டியில வேற 'பிராசஸை நம்புறேன்'னு சொன்ன. அது எந்தக் கடையில விக்குதுன்னு சொன்னா நானும் கால் கிலோ வாங்கிப் போடுவேன்.

ஊரே உன்னைப் பார்த்துச்சுன்னு பூரிச்சுப் போயிருக்க. எதிரணியில லேப்டாப்போட ஒருத்தன் உட்கார்ந்திருப்பானே, அவனும்தான் பார்த்தான். ஊரு பார்த்துட்டுப் படுத்துருச்சு, அவன் படுக்கல. மெதுவான பந்துக்கு உன் விரலு எப்படிப் போகுது, அடி வாங்கினதும் அடுத்த பந்தை எங்க குத்துற, எல்லாத்தையும் நிறுத்தி நிறுத்திப் பார்த்து எழுதி வச்சிருப்பான். உனக்கு வாய்ச்ச நிசமான ரசிகன் அவன் ஒருத்தன்தான். கல்யாணத்துக்கு மறக்காம பத்திரிகை வை.

நம்ம சின்னப்பம்பட்டி நடராஜனைச் சொல்லித்தானே கிட் பேக் வாங்கின? மிச்சத்தையும் கேட்டுக்க. ரஞ்சியில காலு வச்சதுமே, பந்து எறியுற மாதிரி இருக்குன்னு கைக்கே ஆட்சேபணை வந்துச்சு. அந்த மனுசன் கையை மறுபடி மொதல்ல இருந்து பழக்கினாரு. 2016-ல டிஎன்பிஎல்லுல யார்க்கரா போட்டாரு; 2017 ஏலத்துல பஞ்சாப் 3 கோடிக்கு எடுத்துச்சு. அந்த ஐபிஎல்லுல 6 ஆட்டம், 2 விக்கெட்டு. அடுத்த வருசம் ஐதராபாத் 40 லட்சத்துக்கு எடுத்துட்டு, 2018, 2019 ரெண்டு வருசமும் ஒரு ஆட்டம்கூட இறக்கல. அப்ப யாரு சூடம் காட்டினாங்க? 2020-லதான் 16 விக்கெட்டு, அபுதாபியில டிவில்லியர்ஸோட ஸ்டம்பைப் பேத்த அந்த யார்க்கரு. வலைப் பந்துவீச்சாளரா ஆஸ்திரேலியா போனவரு, அதே பயணத்துல ஒருநாள், டி20, டெஸ்ட் மூணுலயும் இந்தியாவுக்கு ஆடிட்டாரு. பெஞ்சுல கிடந்த ரெண்டு வருசத்தை எந்த டிவி காட்டுச்சு?

உனக்கு 3 கோடியெல்லாம் வராது, பயப்படாத. வந்தா எங்கிட்ட குடுத்து வை.

போறப்ப ஒரு வேலை இருக்கு. பஸ் ஸ்டாண்டுல உனக்கு ஃப்ளெக்ஸ் வச்சிருக்காங்க. உன் மூஞ்சி எலுமிச்சங்கா அளவு, வச்சவன் மூஞ்சி பூசணிக்கா அளவு. கிழியறதுக்குள்ள கழட்டிக் கொண்டாந்து குடு சாமி, மாட்டுக் கொட்டாய் ஒழுகுது.