கேட் போட்டாச்சு

பெசன்ட் நகரில் கடல் உண்டு, மாதா கோயில் உண்டு, அஷ்டலட்சுமிகள் எட்டுப் பேரும் உண்டு. ரயில்வே ஸ்டேஷன் மட்டும் கிடையாது. இந்தக் குறையைக் குத்திக் காட்டுவதற்கென்றே எங்கள் மூன்றாவது மாடிக்கு நீடாமங்கலத்துக்காரர் ஒருவர் குடிவந்திருக்கிறார். எலியட்ஸ் பீச்சில் நடக்கும்போது யார் எதைப் பேசினாலும், "எங்க ஊரு ஜங்ஷன் சார்" என்றுதான் முடிப்பார்.

நீடாமங்கலம், தஞ்சாவூருக்கும் திருவாரூருக்கும் நடுவே வயலுக்குள் உட்கார்ந்திருக்கும் ஊர். வெண்ணாறு அங்கே வந்து வெண்ணாறு, கோரையாறு, பாமணியாறு என்று பாகப்பிரிவினை செய்துகொள்கிறது. "ஆறே மூணா பிரியற ஊர்ல தண்டவாளம் ரெண்டா பிரியறதுல என்ன சார் அதிசயம்?" என்று ஒருநாள் கேட்டுவிட்டேன். ஒரு வாரம் பேச்சுவார்த்தை இல்லை. அந்த ஒரு வாரத்தில்தான் புத்தகங்களைப் புரட்டினேன்.

முதலில் சத்திரம் இருந்தது. தஞ்சை மராட்டிய மன்னர் பிரதாப சிங்கின் ராணி யமுனாம்பாள் பெயரில் கட்டியது. வழிப்போக்கனுக்குச் சாப்பாடு, படுக்க இடம், எல்லாம் இலவசம். (எல்லாருக்கும் ஒரே பந்தியா என்று கேட்காதீர்கள். ராணி நல்லவர், காலம் அப்படி.) அந்த ஊரில் பயணிக்கு ராஜ உபசாரம் நடந்தது அத்தோடு சரி. அடுத்து ரயில் வந்துவிட்டது.

போட்டவர்கள் கிரேட் சதர்ன் ஆஃப் இந்தியா ரயில்வே என்ற இங்கிலாந்துக் கம்பெனிக்காரர்கள். பேரே பாதி பிளாட்பாரத்தை அடைக்கும். பங்கு வாங்கிய துரைமார்களுக்கு வருஷம் 5 சதவீதம் உத்தரவாதம். வண்டி லாபத்தில் ஓடினாலும் ஓடாவிட்டாலும் அந்தப் பணம் போய்விடும். துண்டு விழுந்தால் இந்திய வரிப்பணம் இட்டு நிரப்பும். மழை பெய்தாலும் பொய்த்தாலும் இத்தனை கலம் உறுதி என்று வெண்ணாற்றங்கரையில் உழுதவனுக்கு யாரும் எழுதிக் கொடுக்கவில்லை. அவனுக்கு உறுதியாக வந்தது கிஸ்தி ஒன்றுதான்.

1861-இல் நாகப்பட்டினத்திலிருந்து தஞ்சாவூருக்குப் பாதை திறந்தது. கிளம்பிய இடத்தைக் கவனியுங்கள்: துறைமுகம். சுவாமி தரிசனத்துக்கு நம்மை அழைத்துப்போக யாரும் கப்பலில் இரும்பு கொண்டுவர மாட்டார்கள். களத்துமேட்டைக் கடற்கரையோடு சேர்த்து முடிச்சுப் போட்டார்கள். மிச்சமிருந்த இடத்தில் நம்மையும் ஏற்றிக்கொண்டார்கள்.

போட்டது அகலப் பாதை. 1870-களில் கம்பெனி இன்னொன்றோடு சேர்ந்து சவுத் இந்தியன் ரயில்வே ஆனது. கல்யாணமான கையோடு சிக்கன புத்தி வந்து, 1676 மில்லிமீட்டரை 1000 ஆக்கி மீட்டர் கேஜாக நெருக்கிப் போட்டார்கள். அதற்கப்புறம் நூற்று முப்பது வருஷம் சாவகாசமாக யோசித்து, இந்த நூற்றாண்டின் ஆரம்பத்தில் மறுபடியும் 1676. தையற்காரர் சட்டையைப் பிடித்துத் தைத்துவிட்டு, பேரன் காலத்தில் பிரித்துவிட்ட மாதிரி.

பக்கத்துப் பிரதேசத்தார் ரோஷக்காரர்கள். கம்பெனி வருமா என்று காத்திராமல் தஞ்சாவூர் ஜில்லா போர்டு தானே ரயில்வே வரி போட்டு, 1894-இல் மாயவரத்திலிருந்து திருவாரூர் வழியாக முத்துப்பேட்டைக்கு ரயில் விட்டது. இந்தியாவிலேயே இப்படிச் செய்த முதல் ஜில்லா போர்டு அது. மூன்றாவது மாடிக்காரர் இந்தச் செய்தியைக் காதில் வாங்கிக்கொள்ளவே இல்லை.

அவருடைய ஜங்ஷன் பட்டத்துக்கு ஆதாரம் மன்னார்குடிக் கிளை. மன்னார்குடி, கோயில் பாதி குளம் பாதி என்று பேரெடுத்த ஊர். மீதியில்தான் ரயிலுக்கு இடம். கூட்டமில்லை என்று 1970-களின் நடுவில் அந்தக் கிளையை மூடினார்கள். முப்பத்தைந்து வருஷம் போல நீடாமங்கலம் பிரியும் வழியில்லாத ஜங்ஷனாக நின்றது. பட்டத்தை மட்டும் யாரும் திருப்பிக் கேட்கவில்லை. 2011-இல் கிளை திரும்பி வந்தது, சென்னைக்கு மன்னை எக்ஸ்பிரஸும் வந்தது.

ஊர் உலகப் புகழ் அடைந்தது ஜங்ஷனால் அல்ல, கேட்டால். தஞ்சாவூர்-நாகப்பட்டினம் நெடுஞ்சாலையைத் தண்டவாளம் வெட்டுகிற இடத்தில் ஒரு லெவல் கிராசிங். சம்பா அறுவடை முடிந்தால் கொள்முதல் நிலையங்களிலிருந்து ஸ்டேஷனுக்கு லாரி லாரியாக நெல் மூட்டை வந்து இறங்கும். அரவைக்காக வெளி மாவட்டம் போகும் கூட்ஸ் ஒன்றில் 2,000 டன் வரை ஏறும். மூட்டை 40 கிலோ. அதாவது 50,000 மூட்டை. அத்தனையும் மனிதர் முதுகில் ஏறித்தான் வேகனுக்குள் போகிறது. ஏறியபின் இன்ஜின் முன்னே போய், பின்னே வந்து, யோசித்து, மறுபடி முன்னே போகும். அதுவரை பஸ், ஆம்புலன்ஸ், மாப்பிள்ளை அழைப்பு எல்லாம் கேட்டுக்கு இந்தப்பக்கம். மேம்பாலப் பேச்சைக் கேட்டே ஒரு தலைமுறை வளர்ந்துவிட்டது.

நேற்று சாயங்காலம் பீச்சில் அவருடைய தம்பி போன் செய்தார். கேட்டில் நிற்கிறாராம்.

"கூட்ஸா?" மூன்றாவது மாடிக்காரர் மணலில் உட்கார்ந்தே விட்டார். முகத்தில் அப்படி ஒரு பிரகாசம். "எத்தனை வேகன்டா?"

"நாப்பத்திரண்டு."

"போயிடுச்சா?"

"போயிடுச்சுண்ணே. எதிர்ல ஒண்ணு வருதாம். கேட் திறக்கலை."

போனை ஸ்பீக்கரில் போட்டு என் பக்கம் நீட்டினார். "கேளுங்க சார், ஹாரன் சத்தம்."