பாட்டியம்மா சர்வீஸ் போட்டால்

அமிர்தியிலிருந்து ஆம்பூர் வரை யாருக்கு என்ன நோவு வந்தாலும் முதலில் வாயில் வருவது வேலூர் சி.எம்.சி. மருத்துவமனை. அதைத் தொடங்கிய டாக்டர் ஐடா ஸ்கடரைப் பற்றிக் கேட்டால் பள்ளிப் பிள்ளைகூடத் திண்டிவனத்துக் கதையை ஒப்பிக்கும். ஒரே ராத்திரியில் மூன்று கணவன்மார் வந்து கதவைத் தட்டியது, பெண் டாக்டர் இல்லாமல் மூன்று பிரசவக்காரிகளும் செத்துப்போனது, அதைப் பார்த்த இளம்பெண் டாக்டருக்குப் படிக்கப் போனது. எல்லாம் நிஜம்தான். ஆனால் இதையே சொல்லிச் சொல்லி அந்த அம்மாளைச் சாமி படமாக்கிச் சுவரில் மாட்டிவிட்டோம். சாமி படத்தோடு டென்னிஸ் ஆட முடியாது. ஐடாவோடு ஆடலாம், தோற்கத் துணிச்சல் இருந்தால்.

ராணிப்பேட்டையில் 1870 டிசம்பரில் பிறந்தவர். இங்கிலாந்தில் மேஜர் விங்ஃபீல்டு என்பவர் புல்தரை டென்னிஸுக்குக் காப்புரிமை வாங்கியது 1874இல். ஆக, டென்னிஸே ஐடாவுக்குத் தங்கச்சி முறை. அந்தத் தங்கச்சியை அக்கா கிழவியான பிறகும் கைவிடவில்லை.

தாத்தா காலத்திலிருந்தே குடும்பத்துக்கு மிஷன் வேலை. பேத்திக்கு அதில் துளி ஆசை கிடையாது. அமெரிக்காவில் நல்ல இடமாகப் பார்த்துக் கல்யாணம் கட்டிக்கொண்டு சுகமாக இருப்பதாகத்தான் திட்டம். திண்டிவனம் அதைக் கெடுத்தது. 1899இல் கார்னெலில் டாக்டர் பட்டம், 1900இல் வேலூர். அதே 1900இல் பாரிஸ் ஒலிம்பிக்கில் சார்லட் கூப்பர் கணுக்கால் வரை பாவாடை கட்டிக்கொண்டு டென்னிஸில் ஜெயித்தார். நம்மவருக்கு அதற்கெல்லாம் நேரமில்லை, வாசலில் நோயாளிகள்.

1909இல் ஒற்றை சிலிண்டர் பெஜோ கார் ஒன்று வந்து சேர்ந்தது. குடியாத்தம் சாலையில் அது புகை கக்கிக்கொண்டு போனபோது, பிசாசு வருகிறது என்று ஜனம் வயலுக்குள் ஓடியது. வைத்தியம் பார்க்க வந்தவர், முதலில் நோயாளிகளைத் துரத்திப் பிடிக்க வேண்டியிருந்தது. டென்னிஸ்காரிக்கு ஓட்டம் புதிதா என்ன?

1918இல் பெண்களுக்கு மருத்துவப் பள்ளி தொடங்கப் போகிறேன் என்றார். மூன்று பேர் விண்ணப்பித்தாலே அதிர்ஷ்டம் என்று பெரிய மனுஷர்கள் மீசையைத் தடவினார்கள். வந்தவை 151. மீசைகள் அதன்பிறகு என்ன செய்தன என்று சரித்திரம் சொல்லவில்லை.

இனி கொடைக்கானல் ஆட்டம். 1934இல் பம்பாய் லீலா ராவ் விம்பிள்டனில் ஒரு ஆட்டம் ஜெயித்து, அங்கே வென்ற முதல் இந்தியப் பெண் ஆனார். பத்திரிகைகள் அவரைக் கொண்டாடின, நியாயம்தான். கொஞ்ச காலம் கழித்து, பத்திரிகைக்காரர் எவரும் எட்டிப் பார்க்காத கொடைக்கானலில் ஒரு டென்னிஸ் போட்டி. சீட்டுக் குலுக்கலில் ஐடாவுக்கு எதிராளியாக வந்தது ஒரு பதின்வயதுப் பெண். ஐடாவுக்கு வயது 65. "போயும் போயும் ஒரு பாட்டியோடவா ஆடணும்?" என்கிற மாதிரி அந்தப் பெண் முகம் சுளித்ததாகச் சொல்வார்கள். பாட்டி காதில் அது விழாமலிருக்குமா? மூச்சுத்திணறலை ஒரு மைல் தள்ளியே கேட்கப் பழகிய காது.

பாட்டி மட்டையை எடுத்தார். முதல் செட்டில் பேத்திக்கு முட்டை. வயசாளிதானே, களைத்துவிடுவார் என்று நம்பியிருந்தால் அதுவும் பொய்த்தது. இரண்டாவது செட்டிலும் முட்டை. ஊரெல்லாம் கருணைக்கு உதாரணம் காட்டுகிற டாக்டரம்மா, ஒரு சின்னப் பெண்ணுக்கு மரியாதைக்குக்கூட ஒரு கேம் விட்டுக்கொடுக்கவில்லை. எனக்கு அவர் மேல் பக்தி வந்தது இந்த இடத்தில்தான்.

எண்பது தாண்டியும் ஆடினார். 1960 மே மாதம், அதே கொடைக்கானலில், 89 வயதில்தான் ஆட்டம் முடிந்தது.

அவருக்கு அடுத்து யாராவது சிலை வைப்பதாக இருந்தால் ஒரு விண்ணப்பம். கழுத்தில் ஸ்டெதஸ்கோப் தாராளமாக இருக்கட்டும். கையில் பைபிளோ மருந்துப் பெட்டியோ வேண்டாம். ஒரு டென்னிஸ் மட்டையைக் கொடுங்கள்.