பயாஃப்ராவை எழுதியவர்கள்: கேள்வி – பதில்

கே: உள்நாட்டுப் போர் நடந்த நாட்டில் நல்ல இலக்கியம் பிறக்கும் என்று ஒரு கூட்டத்தில் பேசினார்கள். ஒப்புக்கொள்கிறீர்களா?
– மதுரை வாசகர்

ப: மாட்டேன். போர் முதலில் எழுதுகிறவர்களைத்தான் விழுங்கும். நைஜீரியாவைப் பாருங்கள். 1967 மே 30 அன்று கிழக்கு மண்டலம் பயாஃப்ரா என்ற பெயரில் தனிநாடு அறிவித்தது. ஜூலையில் போர் மூண்டது. ஆகஸ்டில் நாடகாசிரியர் வோலே சோயிங்கா கைதானார். செப்டம்பரில் கவிஞர் கிறிஸ்டோபர் ஒகிக்போ போர்முனையில் செத்தார். நாவலாசிரியர் சினுவா அச்செபே பிள்ளைகுட்டிகளோடு ஊர் ஊராக ஓடிக்கொண்டிருந்தார். மூன்று மாதத்துக்குள் ஒரு தலைமுறையின் மூன்று பெரிய எழுத்தாளர்கள் சிறையிலும் மண்ணிலும் தெருவிலும். 1970 ஜனவரியில் போர் முடிந்த பிறகு நல்ல புத்தகங்கள் வந்தன, உண்மைதான். வராமலே போன புத்தகங்களையும் அந்தக் கணக்கில் எழுத வேண்டாமா?

கே: கவிஞன் துப்பாக்கி தூக்கலாமா?
– கல்லூரி மாணவர், திருச்சி

ப: ஒகிக்போ தூக்கினார். பாதுகாப்பான வேலை பார்த்துக்கொண்டு பின்வரிசையில் இருந்திருக்கலாம். மேஜராகப் போய், தான் முன்பு வேலை பார்த்த பல்கலைக்கழக ஊரான என்சுக்கா பக்கத்திலேயே உயிரை விட்டார். கென்யாவைச் சேர்ந்த அறிஞர் அலி மஸ்ருயி 1971-ல் இதை வைத்தே ஒரு நாவல் எழுதினார். மறுவுலகில் ஒகிக்போ மீது வழக்கு நடக்கிறது. கலையைவிடத் தன் இனத்தை மேலாக வைத்தார் என்பதே குற்றச்சாட்டு.

நான் அந்த வழக்கில் அரசுத் தரப்பில் நிற்க மாட்டேன். 1966-ல் வடக்கே அவருடைய இனமான இக்போ மக்களை ஆயிரக்கணக்கில் கொன்றார்கள். தப்பியவர்கள் ரயில் ரயிலாக வந்து கிழக்கே இறங்கினார்கள். அதைக் கண்ணால் பார்த்த ஒருவரிடம் போய், நீ கவிதை மட்டும் எழுது என்று சொல்ல எனக்கு வாய் வராது. ஆனால் அவர் செத்தது பெரிய இழப்பு என்பதையும் மறைக்க மாட்டேன். போருக்கு முன்பே இடி வரப்போகிறது என்று எழுதிய அவருடைய கடைசிக் கவிதைகள் 1971-ல்தான் நூலில் சேர்ந்தன. அதைக் கையில் வாங்கிப் பார்க்க அவர் இல்லை.

கே: எந்தப் பக்கமும் சேராதவர்களை விட்டுவைத்தார்களா?
– ஈரோடு வாசகி

ப: இல்லை. சோயிங்கா யொருபா இனத்தவர். போரை நிறுத்த வழி தேடிப் பயாஃப்ராவுக்குப் போய் அதன் தலைவர் ஒஜுக்வுவைச் சந்தித்தார். அதற்காக நைஜீரியாவின் கூட்டாட்சி அரசு அவரை இரண்டு ஆண்டுக்கு மேல் அடைத்துவைத்தது, பெரும்பகுதி தனிமைச் சிறை. மையைத் தானே காய்ச்சிக்கொண்டு, சிகரெட் அட்டையிலும் கழிவறைத் தாளிலும் கையில் கிடைத்த புத்தகங்களின் வரி இடுக்கிலும் எழுதினார். 1972-ல் வந்த ‘த மேன் டைட்’ அந்தச் சிறை நாட்களின் பதிவு.

கே: போர் பற்றி அச்செபே ஏன் ஒரு பெரிய நாவல் எழுதவில்லை?
– நாகர்கோவில் வாசகர்

ப: எல்லோரும் அவரிடம் எதிர்பார்த்தது அதைத்தான். 1966-ல் ஒரு நாவல். அடுத்த நாவல் 1987-ல். நடுவில் இருபத்தோரு ஆண்டு. அவர் சொன்ன காரணம் எளிமையானது: அன்றைய மனநிலைக்குச் சின்னதாகவும் செறிவாகவும் இருக்கும் வடிவமே பொருந்தியது. அதனால் கவிதையும் சிறுகதையும் எழுதினார். எனுகுவில் அவர் குடியிருந்த வீட்டின் மீது குண்டு விழுந்தது. பயாஃப்ராவின் தூதராக வெளிநாடுகளுக்குப் போய்ப் பேசிவிட்டுப் பட்டினி கிடக்கும் ஊருக்குத் திரும்பி வருவார். அந்த ஓட்டத்தில் நானூறு பக்கத்துக்கு எங்கே உட்காருவது?

இன்னொரு கதையும் உண்டு. போர்க்காலத்தில் அச்செபேயும் ஒகிக்போவும் சேர்ந்து எனுகுவில் சிட்டடல் என்று ஒரு பதிப்பகம் தொடங்கினார்கள். குழந்தைகளுக்கு நம் கதைகளை நாமே அச்சிட்டுத் தர வேண்டும் என்பது நோக்கம். கைக்கு வந்த ஒரு விலங்குக் கதையை அச்செபே திருத்த உட்கார்ந்தார். திருத்தத் திருத்த அது வேறு கதையானது. விலங்குகளின் அரசன் சிறுத்தை. பல்லும் நகமும் இல்லாத நல்ல அரசன். எல்லோரும் சேர்ந்து கட்டிய பொது மண்டபத்திலிருந்து நாய் அவனைக் கடித்துத் துரத்துகிறது. மற்ற விலங்குகள் நாயின் பக்கம் சாய்கின்றன. சிறுத்தை கொல்லனிடம் போய்ப் பல்லும் நகமும் செய்துகொண்டு திரும்பி வருகிறது. சொந்த வீட்டிலிருந்து விரட்டப்பட்டவர்கள் யார் என்று அன்றைய பயாஃப்ராக் குழந்தைக்கு யாரும் விளக்க வேண்டியிருக்காது. அந்தக் கதைக்குள் மான் பாடும் புலம்பலை எழுதியவர் ஒகிக்போ. புத்தகம் 1972-ல் வந்தது. பதிப்பகம் இருந்த கட்டடம் தரைமட்டம். கூட்டாளி உயிரோடு இல்லை. போரைப் பற்றி அச்செபே எழுதிய பெரிய படைப்பு எது என்று கேட்டால், இந்தக் குழந்தைக் கதையைத்தான் காட்டுவேன்.

கே: ராணுவப் புரட்சி வரும் என்று அச்செபே முன்கூட்டியே எழுதினாராமே?
– கோவை வாசகர்

ப: ஆமாம். ‘எ மேன் ஆஃப் த பீப்பிள்’ நாவல் ராணுவம் ஆட்சியைப் பிடிப்பதில் முடிகிறது. அது வெளியான 1966 ஜனவரியிலேயே நிஜப் புரட்சியும் நடந்தது. அவருக்கும் அதில் பங்கு இருக்குமோ என்று சந்தேகப்பட்டார்கள். லாகோஸை விட்டு ஓட வேண்டியதாயிற்று.

கே: போர் இலக்கியம் என்றால் தளபதிகள் கதைதானா? சாதாரணச் சிப்பாயை யார் எழுதினார்கள்?
– முன்னாள் ராணுவ வீரர், வேலூர்

ப: கென் சாரோ-விவா. 1985-ல் வந்த ‘சோசாபாய்’ நாவலை நீங்கள் அவசியம் படிக்க வேண்டும். டுகானா என்ற கற்பனைக் கிராமத்தில் மேனே என்றொரு பையன், லாரியில் எடுபிடி. மணந்துகொண்ட பெண் மெச்ச வேண்டும், சீருடை மாட்ட வேண்டும் என்ற ஆசையில் பட்டாளத்தில் சேர்கிறான். எதிரி யார், எதற்காகச் சண்டை என்பது கடைசிவரை அவனுக்குத் தெரியாது. ஒரு பக்கத்தில் பிடிபட்டு மறுபக்கத்துக்கு வண்டி ஓட்டுகிறான். ஊர் திரும்பினால் தாயும் மனைவியும் குண்டுவீச்சில் செத்திருக்கிறார்கள். ஊரார் அவனையே பேய் என்கிறார்கள். நோய் பரவுவதற்குக் காரணம் இவன்தான், கொன்றால்தான் அடங்கும் என்கிறார்கள். பள்ளியில் படித்த ஆங்கிலம், தெருவில் புழங்கும் பிட்ஜின் இரண்டையும் குழைத்து அவன் வாயாலேயே முழுக்கதையும் வருகிறது. மேனே பேசப் பேச, அறிக்கைகளில் வரும் ‘எழுச்சி’, ‘தியாகம்’ எல்லாம் அவன் காதில் புரியாத சத்தமாக விழுந்து போவது எனக்குப் பெரிய சாதனையாகப் படுகிறது.

சாரோ-விவா ஒகோனி என்ற சிறுபான்மை இனத்தவர். போரில் கூட்டாட்சி அரசின் பக்கம் நின்று பானித் துறைமுகத்தை நிர்வகித்தார். பிற்காலத்தில் எண்ணெய் எடுப்பதால் பாழான தன் மக்களின் நிலத்துக்காகப் போராடினார். 1995 நவம்பர் 10 அன்று ராணுவ அரசு அவரைத் தூக்கிலிட்டது.

கே: பெண்கள்?
– தூத்துக்குடி வாசகி

ப: ஃப்ளோரா ந்வாபாவின் ‘நெவர் அகெய்ன்’ (1975) சின்னப் புத்தகம், கூர்மையானது. நாளை வெற்றி என்று மேடையில் முழங்கிக்கொண்டிருக்க, குடும்பத்தோடு ஓட மூட்டை கட்டும் பெண்ணின் கண்ணில் போர் எப்படித் தெரிகிறது என்று காட்டுவது. போர் முடிந்ததும் ந்வாபா மாநில அமைச்சரவையில் சேர்ந்து, போரில் அநாதையான குழந்தைகளைக் குடும்பங்களோடு சேர்க்கும் வேலையைப் பார்த்தார். லண்டனில் இருந்த புச்சி எமசெட்டா 1982-ல் ‘டெஸ்டினேஷன் பயாஃப்ரா’ எழுதினார். ஆண்கள் எழுதிய போர்க் கதைகளில் உணவு எங்கிருந்து வந்தது என்ற கேள்வியே அடிக்கடி காணாமல் போகும். எதிரி எல்லைக்குள் புகுந்து உப்பும் மீனும் வாங்கி வந்து விற்றவர்கள் பெண்கள். ‘அஃபியா அட்டாக்’ என்றே அந்த வியாபாரத்துக்குப் பெயர்.

கே: வென்றவர்கள் எழுதுவதுதான் வரலாறு என்பார்கள். நைஜீரியாவில்?
– சேலம் வாசகர்

ப: அங்கே வென்றவர்கள் பேச்சையே நிறுத்தினார்கள். வென்றவரும் இல்லை, தோற்றவரும் இல்லை என்று கூட்டாட்சி அரசின் தலைவர் தளபதி கோவன் அறிவித்தார். நல்ல வாசகம். வங்கியில் எவ்வளவு போட்டிருந்தாலும் பயாஃப்ராக்காரர்களுக்கு ஆளுக்கு இருபது பவுண்டு என்று கொடுத்துக் கணக்கை மூடினார்கள். பள்ளியில் வரலாறு தனிப்பாடமாகவே இல்லாத காலமும் வந்தது. பல லட்சம் பேர், பெரும்பாலும் பசியில், செத்த ஒரு போர் பிள்ளைகளின் பாடத்தில் இல்லை. அதனால்தான் கதைகளும் நினைவுக்குறிப்புகளும் அங்கே இத்தனை சுமையைத் தூக்கின. தோற்ற தரப்பு அதிகம் எழுதியது. அதிலும் முழு உண்மை இல்லை. எலெச்சி அமாடியின் ‘சன்செட் இன் பயாஃப்ரா’ (1973), பயாஃப்ரா தன் சிறுபான்மையினரைச் சிறைவைத்ததைச் சொல்கிறது. 2012-ல் அச்செபேயின் நினைவுநூல், பட்டினிக்கு அன்றைய நிதிப் பொறுப்பாளர் அவொலோவோவைக் குற்றம் சாட்டியது. நாற்பது ஆண்டு கழித்தும் பத்திரிகைகளில் அடிதடி.

கே: போருக்குப் பிறகு பிறந்தவர் போரை எழுதலாமா?
– சென்னை வாசகர்

ப: தாராளமாக, உழைக்கத் தயாராக இருந்தால். சிமமண்டா அடிச்சி பிறந்தது 1977-ல். அவருடைய இரண்டு தாத்தாக்களும் போரில் இறந்தவர்கள். ‘ஹாஃப் ஆஃப் எ யெல்லோ சன்’ (2006) எழுத வீட்டாரிடம் கேட்டார். படித்த புத்தகங்களை நாவலின் கடைசியில் பட்டியலே போட்டிருக்கிறார். படுகொலையிலிருந்து தப்பி வரும் ரயிலில் ஒரு தாய் மூடிய சுரைக்குடுவையைத் திறந்து காட்டுவாள். உள்ளே பின்னல் போட்ட மகளின் தலை. அந்த நாவலைப் படமாக்கியபோது 2014-ல் நைஜீரியத் தணிக்கை வாரியம் சில மாதம் நிறுத்தி வைத்தது. போரின்போது பிறக்காதவர் எழுதியதே அரசை இவ்வளவு உறுத்துகிறது.

கே: மக்கள் படிக்கும் மலிவுப் புத்தகங்களுக்கு என்ன ஆயிற்று?
– பழைய புத்தகக் கடைக்காரர், திருநெல்வேலி

ப: ஒனிச்சா சந்தையில் காதல், கடிதம், அறிவுரை என்று குட்டிப் புத்தகங்கள் குவிந்தன, நம் திருவிழாக் கடைகளில் விற்ற பெரிய எழுத்துக் கதைகளைப் போல. போரில் அந்தச் சந்தை எரிந்தது. அந்தப் பழைய களை பிறகு வரவே இல்லை.

கே: நைஜீரியாவையே சொல்கிறீர்கள். ஈழம் கண்ணில் படவில்லையா?
– வவுனியா வாசகர்

ப: படாமல் இருக்குமா? இரண்டையும் அருகருகே வைத்துத்தான் படிக்கிறேன். அச்செபேயின் முதல் நாவலை ‘சிதைவுகள்’ என்று தமிழுக்குத் தந்தவரே ஈழத்து என்.கே. மகாலிங்கம். அங்கேயும் இங்கேயும் முதலில் வந்தது கவிதை. ‘மரணத்துள் வாழ்வோம்’ 1985-ல், ‘சொல்லாத சேதிகள்’ 1986-ல் வந்த தொகுப்புகள். ஷோபாசக்தியின் ‘கொரில்லா’ 2001-ல் வந்தது. சயந்தனின் ‘ஆதிரை’ போன்ற பெரிய நாவல்கள் வரப் போர் முடிந்து சில ஆண்டு ஆயிற்று.

ஒரு வித்தியாசம் என்னை அலைக்கழிக்கிறது. அச்செபே ஆங்கிலத்தில் எழுதியதால் யொருபாக்காரரும் ஹௌசாக்காரரும் நேரடியாகப் படித்துச் சண்டை போட்டார்கள். நம் கவிதையைச் சிங்கள வாசகர் படிக்க நடுவில் ஒரு மொழிபெயர்ப்பாளர் வேண்டும். ஆனால் பட்டினியில் பிள்ளையைப் பறிகொடுத்த இக்போத் தாய்க்கு ஆங்கில நாவல் எட்டவில்லை. டோனி உபேசி போன்ற சிலர்தான் இக்போவிலேயே எழுதினார்கள். நம் கவிதையோ முகாமில் இருந்த தாய்க்கு அப்படியே புரிந்தது.

கே: எதிலிருந்து ஆரம்பிக்கலாம்?
– புதுச்சேரி வாசகி

ப: அச்செபேயின் ‘கேர்ல்ஸ் அட் வார்’ சிறுகதை. அதிகாரி ஒருவர் போரின் மூன்று கட்டத்தில் கிளாடிஸ் என்ற ஒரே பெண்ணைச் சந்திக்கிறார். முதலில் படையில் சேரத் துடிக்கும் மாணவி. பிறகு அவருடைய காரையே சோதனை போடும் காவல்காரி. கடைசியில் விலையுயர்ந்த விக்கும் செருப்புமாக இன்னொருவர் தயவில் வாழ்பவள். அவர் அவளைத் திருத்த நினைக்கிறார். அவரோ பசித்த கூட்டம் பார்த்திருக்க நிவாரணக் கிடங்கிலிருந்து தன் வீட்டுக்கு மீனும் அரிசியும் ஏற்றிப் போகிறவர். விமானம் குண்டு போடும்போது யார் யாருக்காக ஓடுகிறார்கள் என்பதை நான் சொல்லப்போவதில்லை. அதற்குப் பிறகு ‘சோசாபாய்’. அடிச்சியை மூன்றாவதாக வைத்துக்கொள்ளுங்கள். முதல் இரண்டையும் படித்திருந்தால் அவர் எவ்வளவு தேடியிருக்கிறார் என்பது பக்கத்துக்குப் பக்கம் தெரியும்.