பீரோவின் உயரம்: ஓர் ஆராய்ச்சி

‘ஒரு கனச்செவ்வகத்தின் நீளம் 3 அடி, அகலம் 1.5 அடி, மொத்தப் புறப்பரப்பு 67.5 சதுர அடி எனில் அதன் உயரம் காண்க.’ அளவியல் பாடத்தில் இவ்வகைக் கேள்வி காலங்காலமாக வருகிறது. விடை எழுதியவர் பலர். இப்படியொரு கேள்வி எந்த வீட்டில், எந்தச் சூழ்நிலையில் எழும் என்று ஆராயத் துணிந்தவர் எவருமிலர். அக்குறையை நீக்கவே இக்கட்டுரை.

பெட்டிதானே என்று இகழற்க. 1719இல் பால் ஹால்கே என்பவர் 44, 117, 240 என்ற அளவுகளில் ஒரு பெட்டியைக் கண்டார். அதன் ஒவ்வொரு முகத்திலும் மூலைவிட்டம் முழு எண்ணாக வரும். பெட்டிக்குள்ளே மூலைக்கு மூலை ஓடும் விட்டமும் முழு எண்ணாக வரும் பெட்டி உண்டா? இன்றுவரை எவரும் கண்டதில்லை, இல்லையென்று நிறுவியதுமில்லை. மூன்று அளவும் கையில் உள்ளவர்கள் பாடே இப்படி. நம்மிடம் இருப்பதோ இரண்டு.

முதற்கண் பொருள் எது என்று துணிவோம். மூன்றடிக்கு ஒன்றரையடி என்றால் சீர்வரிசையில் வந்த இரும்பு பீரோவே என்க. நெல் கொட்டும் பத்தாயம் என்பாரும் உளர். பத்தாயத்துக்கு யாரும் புறப்பரப்புப் பார்ப்பதில்லை ஆதலின் அது பொருந்தாது.

இனி, நீளமும் அகலமும் தெரிந்த வீட்டில் உயரம் மட்டும் தெரியாமற்போனது எங்ஙனம்? தையல் மெஷின் டிராயரில் கிடக்கும் டேப்பின் நீளம் 60 அங்குலம், அதாவது ஐந்தடி. மூன்றடிக்கும் ஒன்றரையடிக்கும் அது தாராளமாகப் போதும். பீரோவின் உச்சியை மட்டும் எட்டாது. ஐந்தடியில் ஒரு கோடு போட்டு மிச்சத்தை அளக்கலாமே எனின், அளக்கலாம்தான். ஆனால் பட்டி பார்த்து ஸ்ப்ரே அடித்த பீரோவில் பென்சில் கோடு போட வீட்டம்மா விடார். புறப்பரப்பு தெரிந்திருப்பதற்கும் காரணம் இதுவே: பெயிண்டர் சதுர அடிக் கணக்கில் பில் போட்டிருக்கிறார். உயரத்தை அளக்காமல் அவர் எப்படிப் பரப்புச் சொன்னார், அவரையே கேட்டால் என்ன என்பது அடுத்த தடை. கூலி வாங்கிய பெயிண்டர் போன் எடுப்பதில்லை என்பது விடை.

பெயிண்டரின் துணையின்றியே உயரம் வரும். மேல்தட்டு நாலரைச் சதுர அடி, அடித்தட்டு நாலரை, ஆக 9. இதை 67.5இல் கழித்தால் 58.5. இது நான்கு பக்கச் சுவர்களின் பரப்பு. அவற்றைச் சுருளவிழ்த்த பாய் போல விரித்தால் ஒரே நீளச் செவ்வகம். அதன் நீளம் பீரோவின் சுற்றளவாகிய 9 அடி. 58.5ஐ 9ஆல் வகுக்க 6.5. ஆறரை அடி. சூத்திரம் மறந்தவரும் இவ்வழியில் பிழைத்துக்கொள்வார்.

இங்கே ஓர் ஆபத்து. கழித்ததும் 9, வகுத்ததும் 9. மூன்றையும் ஒன்றரையையும் பெருக்கினாலும் நாலரை, கூட்டினாலும் நாலரை என்பதால் வந்த வினை இது. பரப்புக்கும் சுற்றளவுக்கும் பேதம் அறியாத மாணவனும் இந்தக் கணக்கில் முழு மதிப்பெண் வாங்கிவிடுவான். அகலத்தை 2 அடி ஆக்கினால் ஒன்று 12, மற்றது 10 என்று பிரிந்துபோகும், குட்டும் வெளிப்படும்.

புறத்தை வைத்து அகத்தை அறிவது நமக்குப் புதிதன்று. காரி நாயனாரின் கணக்கதிகாரம், பலாப்பழத்தின் காம்பைச் சுற்றியுள்ள முட்களை எண்ணி, ஆறால் பெருக்கி ஐந்தால் வகுத்தால் சுளைகளின் எண்ணிக்கை வரும் என்கிறது. பலாவுக்காவது சுற்றிலும் முள் உண்டு. பீரோவுக்குச் சுற்றிலும் பெயிண்ட் உண்டா?

சிக்கல் முழுவதும் இதில்தான். சுவரோடு ஒட்டி நிற்கும் முதுகுக்கும், தரையைப் பார்த்த அடிப்புறத்துக்கும் எந்தப் பெயிண்டரும் எளிதில் அடிப்பதில்லை. மேல்தட்டு, முகம், இரு விலா, இவ்வளவே அவர் கணக்கு. ஆறரை அடி பீரோவுக்கு அது 43.5 சதுர அடி. அந்த எண்ணைப் பாடச் சூத்திரத்தில் இட்டால் உயரம் 3 அடி 10 அங்குலம் என்று வருகிறது! இதை நம்பி வீடு மாற்றுகிறவர் பீரோவைக் குட்டியானையில் நிற்கவைத்தே ஏற்றலாம் என்பார், ஜன்னலுக்குக் கீழே இடம் பார்ப்பார், மேலே டிவி வைக்கவும் திட்டமிடுவார். முறையான வழி வேறு: 43.5இல் மேல்தட்டின் 4.5ஐக் கழித்து, வரும் 39ஐ முகத்துக்கு மூன்று, விலாக்களுக்கு ஒன்றரையும் ஒன்றரையுமாக 6ஆல் வகுக்க வேண்டும். மறுபடியும் அதே ஆறரை. பில்லில் 9 சதுர அடிதான் இருந்து அதையும் மொத்தப் புறப்பரப்பு என்று கொண்டால் உயரம் சுழியம். அதற்கும் குறைந்தால் பீரோ தரைக்குள் இறங்கும்.

பீரோவின் நான்கு கால்களும் இவ்வாய்வில் சேரவில்லை. கனச்செவ்வகத்துக்குக் கால் கிடையாது என்க.

கேள்வித்தாள் தயாரிக்கும் ஆசிரியப் பெருமக்களுக்கு ஒரு விண்ணப்பம்: ‘மொத்தப் புறப்பரப்பு’ என்று எழுதும்போது, முதுகும் அடிப்புறமும் சேர்த்தியா என்பதையும் அடைப்புக்குறிக்குள் போட்டுவிடுங்கள்.